செத்த நேரம்

விண்ணப்பப் படிவத்தின் முதல் கேள்வியிலேயே சகாயராணி தடுக்கி விழுந்தாள். 'தங்களுக்குக் காலவுணர்வு இல்லாமல் போனது எந்தத் தேதியில், எத்தனை மணிக்கு? நோயாளி தம் கைப்பட எழுதவும்.' அதன் பிறகு எத்தனை காலமாக அப்படி இருக்கிறது என்பது இரண்டாவது கேள்வி. இந்த நோய் இனிமேல் வரப்போகிறது என்று நோயாளிக்கு முன்பே தெரியுமா என்பது மூன்றாவது. அவள் பேனாவைப் பிடித்தபடி பக்கத்தில் இருந்த கணவரைப் பார்த்தாள். சூசைமுத்து, நின்றுகொண்டிருந்த யாரோ ஒருவருக்குத் தன் நாற்காலியைக் கொடுத்துவிட்டு, சுவரோரம் சந்தோஷமாக நின்றார்.

காலக்கரைவு என்பது அரசாணையில் உள்ள பெயர். ஊர்வாயில் 'கரைஞ்சு போறது'. இரண்டு வருஷமாகத்தான் இந்தச் சீக்கு திண்டுக்கல் பக்கம் தலைகாட்டுகிறது. காய்ச்சல் கிடையாது, வலி கிடையாது. ஆளுக்கு நேற்றும் நாளையும் கழன்று விழுந்துவிடும். 'இப்ப' என்பது மட்டும் மிஞ்சும். பசித்தால் சாப்பிடுவார்கள், பெயர் சொல்லிக் கூப்பிட்டால் திரும்பிப் பார்ப்பார்கள், பழகிய மனிதர்களை அடையாளம் தெரியும். காலையில் வெளியே போனவன் சாயங்காலம் வந்தாலும் பத்து வருஷம் கழித்து வந்தாலும் அவர்களுக்கு ஒன்றுதான். முகத்தில் ஒரு தெளிவு வந்து உட்கார்ந்துவிடும். அதைப் பார்க்கப் பார்க்கக் கூட இருப்பவர்களுக்கு வயிறு எரியும்.

சூசைமுத்து நாகல் நகரிலிருந்து அகரத்துக்கு மினி பஸ் ஓட்டியவர். தன் டைமில் ஒரு நிமிஷம் முந்தி எடுத்துவிட்டான் என்று அடுத்த வண்டி டிரைவரின் சட்டையைப் பிடித்து உலுக்கியவர். அப்பேர்ப்பட்ட மனுஷனுக்கு இந்தச் சீக்கு வந்தது எப்படி என்றால், அதைச் சொல்லத்தான் வேண்டும்.

அவர்களுக்கு ஒரே பிள்ளை, வினோலியா. நர்சிங் இரண்டாம் வருஷம் படித்தாள். போன வருஷம் ஆகஸ்டில் மூன்று நாள் காய்ச்சல். நான்காம் நாள் பிள்ளை இல்லை. டாக்டர் வெளியே வந்து சொன்னபோது சூசைமுத்து, "சரிங்க சார்" என்று தலையாட்டினார். படியிறங்கிப் போனவர் மூன்று டீயுடன் திரும்பி வந்தார். ஒன்று அவருக்கு, ஒன்று சகாயராணிக்கு, இன்னொன்று வினோவுக்கு. அந்தப் படிகளில்தான் எங்கோ ஆள் கரைந்திருந்தார். அடக்கத்தன்று வீட்டுக்கு வந்தவர்களுக்கெல்லாம் நாற்காலி எடுத்துப் போட்டு, யார் வீட்டுக் காரியம் என்று விசாரித்தார். அவரைக் கல்லறைக்குக் கூட்டிப்போக யாருக்கும் மனம் வரவில்லை.

அன்றிலிருந்து சகாயராணி ஒற்றையாளாக அழுகிறாள். பள்ளிக்கூடச் சீருடை தைக்கிற மிஷினில் தலையைக் கவிழ்த்துக்கொண்டு அழுவாள். அவர் ஓடிவந்து, "என்னத்தா, ஊசி குத்திருச்சா?" என்று விரலைப் பிடித்துப் பார்ப்பார். பெற்றவர் இரண்டு பேர் இருக்க, துக்கம் மட்டும் ஒருத்தி தலையில் விழுந்தால் அதை எங்கே போய் இறக்கி வைப்பது? போன கல்லறைத் திருநாளில் மற்ற கல்லறைகளில் புருஷன் புல் பிடுங்க, பெண்டாட்டி தண்ணீர் ஊற்றிக் கழுவினாள். இவள் இரண்டையும் செய்துவிட்டு, மெழுகுதிரியையும் தானே ஏற்றிவிட்டு வந்தாள். இந்த வருஷத் திருநாளுக்கு, நவம்பர் இரண்டாம் தேதியாவது அவர் பக்கத்தில் நிற்க வேண்டும், தெரிந்து நிற்க வேண்டும். வேறு ஒன்றும் அவளுக்கு வேண்டாம்.

அதற்காகத்தான் மாவட்டக் காலமீட்பு அலுவலகத்துக்கு வந்தாள். வாடகைக்கு எடுத்த பழைய கல்யாண மண்டபம் அது. பந்தி நடந்த கூடத்தில் டோக்கன் கொடுத்தார்கள். துணை இயக்குநரின் அறைக் கதவில் 'மணமகன் அறை' என்ற எழுத்து இன்னும் அழியவில்லை. பத்து மணிக்கு வரச் சொன்னால் சரியாகப் பத்துக்கு வந்தவர்களுக்கு நோய் இல்லை என்று திருப்பி அனுப்பினார்கள். பதினொன்றுக்கு வந்தவர்களை நேரம் தவறியதற்காகத் திருப்பி அனுப்பினார்கள். இரண்டு முறை இப்படித் திரும்பிப்போன சகாயராணியின் மேல் அலுவலக உதவியாளர் முத்துப்பேச்சிக்கு இரக்கம் வந்துவிட்டது. குஜிலியம்பாறைக்காரி, நாற்பது வயது. பத்து மணி ஏழு நிமிஷத்துக்கு வந்தால் 'சந்தேகத்துக்குரியவர்' என்ற வரிசையில் சேர்த்துக்கொள்வார்கள் என்று ரகசியத்தைச் சொல்லிக் கொடுத்தாள். மூன்றாம் முறை அந்த வரிசையில்தான் இடம் கிடைத்தது.

முதலில் விழிப்புணர்வுக் கூட்டம். பத்தரைக்குத் தொடங்க வேண்டியது, மைக் செட்காரர் வராததால் பன்னிரண்டே முக்காலுக்குத் தொடங்கியது. துணை இயக்குநர் தங்கமுத்து பேசினார். வடக்கே காஞ்சிபுரம் பக்கத்துக்காரர், சட்டைப் பையில் மூன்று பேனா வைத்திருப்பவர்.

"அன்பார்ந்த நோயாளிகளே, நான் இந்தத் துறைக்கு வந்து பதினோரு மாதம் ஆகிறது. இந்தப் பதினோரு மாதத்தில் என்ன செய்தீர்கள் என்று நீங்கள் கேட்கலாம். எனக்கே தெரியாது. அவ்வளவு வேலை. உங்களுக்கு நேற்றும் இல்லை, நாளையும் இல்லை. எங்களுக்கு இரண்டுமே உண்டு. நேற்றே முடித்திருக்க வேண்டிய கோப்பு இருக்கிறது. நாளைக்குப் பார்த்துக்கொள்ளலாம் என்ற கோப்பும் இருக்கிறது. இன்றைக்கு என்று ஒரே ஒரு கோப்பை எங்கள் அலுவலகத்தில் யாராவது எடுத்துக் காட்டுங்கள் பார்ப்போம். கிடையாது. இதுதான் ஆரோக்கியமான மனநிலை. இதை உங்களுக்கும் கொடுப்பதுதான் எங்கள் நோக்கம்."

ஒன்றேகால் மணி நேரம் பேசினார். அலுப்பே தட்டாமல் கேட்டவர்கள் நோயாளிகள் மட்டும்தான். கைதட்டியதும் அவர்கள்தான்.

பிறகு மணமகன் அறையில் விசாரணை. உங்கள் மகள் எங்கே என்று தங்கமுத்து கேட்டார். சூசைமுத்து வாசல் பக்கம் பார்த்துவிட்டுச் சொன்னார்: "வினோ செத்த நேரத்துல வந்துருவா சார்."

திண்டுக்கல் பக்கம் 'செத்த நேரம்' என்றால் கொஞ்ச நேரம். 'செத்த இரு' என்றால் சற்றுப் பொறு. நேற்றுப் பேச ஆரம்பித்த பிள்ளைக்குக்கூட இது தெரியும். தங்கமுத்துவுக்குத் தெரியாது. அவர் மூன்று பேனாக்களில் பச்சையை எடுத்து, வாய்விட்டுச் சொல்லிக்கொண்டே எழுதினார்: "மகள் செத்த நேரத்தைப் பற்றித் தாமாகவே குறிப்பிட்டார். காலவுணர்வு துளிர்க்கிறது. பத்துக்கு ஏழு."

நினைவு வந்துவிட்டதோ என்று சகாயராணி கணவரின் முகத்தைப் பார்த்தாள். அவர் வாசலையே பார்த்துக்கொண்டிருந்தார். மனுஷிக்கு இப்படியும் ஒரு அடி விழுமா? அவள் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள்.

டம்ளர் எடுக்க வந்த முத்துப்பேச்சிக்குப் பொறுக்கவில்லை. "சார், செத்தன்னா அந்தச் செத்த இல்ல சார். இது செத்த நேரம்" என்றாள்.

"அதைத்தான் நானும் எழுதியிருக்கிறேன்" என்றார் தங்கமுத்து.

வாயைக் கொடுத்த நேரம், முத்துப்பேச்சிக்கு அன்றே வினை வந்தது. டீயும் வடையும் வாங்கக் கீழே போனவளை அவர் செல்போனில் கூப்பிட்டு எங்கே இருக்கிறாய் என்று கேட்டார். வடைக்கு இன்னும் எண்ணெயே காயவில்லை. அவள், "இந்தா வந்துட்டேன் சார்" என்றாள். கால் மணி நேரம் கழித்து அவள் வந்து நின்றபோது துறைக் கையேட்டின் ஏழாம் விதி மேசைமேல் விரித்து வைக்கப்பட்டிருந்தது. 'இன்னும் நடக்காததை நடந்து முடிந்ததாகக் கூறுபவர் காலக்கரைவு நோயாளி எனக் கொள்ளப்படுவார்.' முத்துப்பேச்சியின் பெயரில் கோப்பு திறக்கப்பட்டது. காலையில் அலுவலக உதவியாளர், மத்தியானத்துக்கு மேல் நோயாளி. தனக்கான டோக்கனைத் தானே எழுதி, தன் பெயரைத் தானே கூப்பிட்டு, தானே போய் உட்கார வேண்டியதாயிற்று.

தங்கமுத்து அதோடு விடவில்லை. நாகல் நகர் ஆட்டோ நிறுத்தத்தில் ஒரு கணக்கெடுப்பு நடத்தினார். சவாரிக்குப் போன் வந்தால், வண்டியைக் கிளப்பாமலே, "வந்துட்டேண்ணே, தெருமுக்குல நிக்கிறேன்" என்கிறார்கள். பத்துக்கு ஒன்பது பேர் நோயாளி. பூக்கடைக்காரர்கள், கல்யாணச் சமையல்காரர்கள், தையல்காரர்கள் எல்லாரும் நோயாளி. தைக்கவே எடுக்காத துணியை, "முடிஞ்சிருச்சு, பித்தான் மட்டும் வைக்கணும்" என்று சகாயராணியே சொல்வது உண்டு என்பதால் அவளும் தலையைக் குனிந்துகொண்டாள். மேலிடத்திலிருந்து, இந்த ஆய்வின் அறிக்கை எங்கே என்று போனில் கேட்டார்கள். "அனுப்பிட்டேன் சார், இந்நேரம் வந்திருக்கணும்" என்றார் தங்கமுத்து. அறிக்கைக்கு அவர் இன்னும் தலைப்புக்கூட எழுதியிருக்கவில்லை. கோப்பு திறக்கிற அதிகாரம் அவர் ஒருவருக்குத்தான் என்பதால் அவர் பெயரில் கோப்பு திறக்க ஆள் இல்லாமல் போய்விட்டது.

அக்டோபர் முதல் வாரத்தில் சூசைமுத்துவுக்குச் சிகிச்சை என்று நாள் குறித்தார்கள். சிகிச்சையின் பெயர் நிகழ்வு ஊன்றல். நெருங்கிய உறவுக்காரர் ஒருவர், தேதி உள்ள ஒரு சம்பவத்தை, சான்றிதழோடு, நோயாளியின் முகத்துக்கு நேரே சொல்ல வேண்டும். கரைந்துபோன காலம் அந்தத் தேதியில் வந்து பிடித்துக்கொள்ளுமாம். சகாயராணி தயங்கி, எங்கள் கல்யாணத்தைச் சொல்லலாமா என்று கேட்டாள். தங்கமுத்து அன்போடு சிரித்தார்.

"கல்யாணம், கிரகப்பிரவேசம் எல்லாம் நிக்காதும்மா. இறப்புதான் நல்லாப் பிடிக்கும். உங்க கேஸ்ல அருமையான இறப்பு இருக்கு. மகள், ஒரே பிள்ளை, வயசு பத்தொன்பது. இப்படி ஒண்ணு அமையாம எத்தனை குடும்பம் கஷ்டப்படுது தெரியுமா?"

இதைச் சொன்னவர் கெட்டவர் இல்லை. சொல்லிவிட்டு அவளுக்குத் தண்ணீர் கொடுக்கச் சொன்னார்.

சகாயராணி இறப்புச் சான்றிதழை பிளாஸ்டிக் உறையிலிருந்து எடுத்தாள். பதினான்கு மாதமாக அவரிடம் சொல்லாமல் வைத்திருந்ததை அந்த அறையில், டியூப்லைட்டுக்குக் கீழே, இரண்டு சாட்சிகள் முன்னால் சொன்னாள். "ஏங்க, நம்ம வினோ செத்துப் போயிட்டாங்க. ஆகஸ்டு பதினேழு, சாயங்காலம் நாலு இருபதுக்கு."

அவர் முதலில் சிரித்தார். பிறகு காகிதத்தை வாங்கிப் படித்தார். விரலை வைத்து, ஒவ்வொரு எழுத்தாகப் படித்தார்.

"வினோலியான்னு போட்டிருக்கு" என்றார். "காய்ச்சல்னுதான சொன்னே ராணி? பிள்ள போயி எம்புட்டு நேரமாச்சு?"

"எவ்வளவு நேரமாச்சுன்னு கேட்டுட்டார்" என்று தங்கமுத்து எழுந்தே விட்டார். இது நேரம் பற்றிய கேள்வி. பத்துக்குப் பத்து. அறையில் கைதட்டினார்கள். போட்டோ எடுத்தார்கள். போட்டோவின் ஓரத்தில் சூசைமுத்து தரையில் உட்கார்ந்து தலையில் அடித்துக்கொண்டிருந்தார். சகாயராணி அவர் கையைப் பிடித்து இழுத்து, மடியில் சாய்த்து, கூடவே அழுதாள். பதினான்கு மாதத்தில் முதல் தடவையாக அவள் அழுகையோடு இன்னொரு அழுகை சேர்ந்தது. பாரம் பாதி இறங்கிவிட்டது. அந்த நிம்மதியை நினைத்து அவளுக்கே வெட்கமாக இருந்தது.

ஆட்டோ நாகல் நகர் திரும்புவதற்குள் அவர் கண்ணீர் காய்ந்திருந்தது. வண்டியை நிறுத்தச் சொல்லி, தள்ளுவண்டியில் பன்னீர் திராட்சை வாங்கினார். வினோ வந்து பூட்டிய வீட்டு வாசலில் நிற்கப் போகிறாள், சீக்கிரம் போகச் சொல் என்று ஆட்டோக்காரரை அவசரப்படுத்தினார். சகாயராணி திராட்சைப் பையை மடியில் வைத்துக்கொண்டு தெருவைப் பார்த்தபடி வந்தாள்.

ஒரு வாரம் கழித்துத் தங்கமுத்துவிடம் போய்ச் சொன்னபோது அவர் கவலைப்படவில்லை. முதல் ஊன்றல் அரைமணி நேரம்தான் நிற்கும், மூன்று தடவை ஊன்றினால் நிலைக்கலாம், நிலைக்காவிட்டால் மறுபடி முதலிலிருந்து தொடங்கலாம் என்றார். அப்படியானால் ஒவ்வொரு தடவையும் அவருக்குப் பிள்ளை புதிதாகச் சாக வேண்டுமா என்று அவள் கேட்டாள். ஆமாம், பழகிவிட்டால் பலன் இருக்காது என்றார். அடுத்த ஊன்றலை நவம்பர் இரண்டாம் தேதி கல்லறையிலேயே வைத்துக்கொள்ளலாம், மாநிலத்துக்கே முன்மாதிரியாக இருக்கும், பேனர் அடிக்கச் சொல்லிவிட்டேன் என்றார். அதற்கும் அச்சுக் கடையில் இன்னும் சொல்லியிருக்கவில்லை என்பது முத்துப்பேச்சிக்குத் தெரியும்.

சகாயராணி வேண்டாம் என்று சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. அந்த ஒரு அழுகைக்குப் பிறகு வந்த வாரம் முழுவதும் அவளுக்கு நிம்மதியாகத் தூக்கம் வந்திருந்தது. அவள் கேட்டதும் இதைத்தானே, கல்லறையில் அவர் தெரிந்து நிற்க வேண்டும் என்று. சரி என்று தலையாட்டிவிட்டு வந்தாள்.

கல்லறைத் திருநாளன்று காலை எட்டு மணிக்கே அவரைக் கூட்டிப்போனாள். ஊரே அங்கேதான் இருந்தது. அகரத்திலிருந்து வந்த செவ்வந்தி மாலை இரண்டு வாங்கியிருந்தாள். கல்வெட்டில் அவராகப் பெயரைப் படித்துவிடக் கூடாது, தான்தான் சொல்ல வேண்டும் என்று, ஓடிப்போய் மாலையைப் பெயரின் மேல் போட்டு மறைத்தாள். அவர் மெதுவாக வந்து சேர்ந்தார். குனிந்து புல் பிடுங்கத் தொடங்கினார். யாரும் சொல்லாமலேயே, தலைமாட்டிலிருந்து கால்மாட்டு வரைக்கும், வேரோடு பிடுங்கினார்.

"யாரு கல்லறை ராணி?"

"செத்த இருங்க, சொல்றேன்" என்றாள். "ஒரு சின்னப் பிள்ளை. பொம்பளப் பிள்ளை."

அவர் கை நின்றுவிட்டது. அவளிடமிருந்து குடத்தை வாங்கித் தண்ணீர் ஊற்றி, தன் தோள்துண்டால் கல்லைத் துடைத்தார். மண்டி போட்டு மெழுகுதிரியை ஏற்றினார். காற்று அணைத்தது. உள்ளங்கையைக் குவித்து மறுபடி ஏற்றினார். அவர் கண்ணிலிருந்து தண்ணீர் இறங்கியது.

அந்நேரம் தங்கமுத்து தம் ஆட்களோடு வந்துவிட்டார். அச்சடித்த மை காயாத பேனரை இரண்டு சிலுவைகளுக்கு நடுவே கட்டப் பார்த்து, பக்கத்துக் கல்லறைக்காரர்கள் சத்தம் போட்டதும் கையில் பிடித்துக்கொண்டார்கள். 'காலத்தை மீட்போம்' என்று அதில் இருந்தது. பக்கத்தில் தங்கமுத்துவின் படம். அவர் சகாயராணியின் வாயருகே மைக்கை நீட்டி, "கேமரா ஓடுது. தேதியோட சொல்லுங்கம்மா, சத்தமா" என்றார்.

அவள் கணவரைப் பார்த்தாள். மண்டியிட்டபடி, காற்றுக்கு மறைவாகக் கையை வைத்துக்கொண்டு, யார் பெற்றதோ என்று நினைத்த ஒரு பிள்ளைக்காக அழுதுகொண்டிருந்தார். இவரை மறுபடி கொல்ல அவளால் ஆகாது. ஒரு தடவை செய்தது போதும்.

"சொல்லிட்டேன் சார்" என்றாள். "எல்லாம் ஞாபகம் வந்துருச்சு அவருக்கு. பாருங்க, அதான் அழுகுறாரு."

தங்கமுத்து குனிந்து பார்த்தார். கண்ணீர் இருந்தது. பச்சைப் பேனாவை எடுத்து, இரண்டாம் ஊன்றலிலேயே முழு மீட்பு, மூன்றாவது தேவையில்லை என்று எழுதினார். சாட்சிக் கையெழுத்துக்கு முத்துப்பேச்சியைக் கூப்பிட்டார். நடக்காததை நடந்ததாகச் சொன்னதற்காக மத்தியானங்களில் நோயாளியாக உட்கார்ந்திருக்கிற முத்துப்பேச்சி, சகாயராணியின் முகத்தை ஒரு தடவை பார்த்துவிட்டு, ஒன்றும் கேட்காமல் கையெழுத்துப் போட்டாள். பேனரோடு போட்டோ எடுத்துக்கொண்டு எல்லாரும் சிற்றுண்டிக்குப் போனார்கள்.

சகாயராணி கணவரின் பக்கத்தில் மண்டி போட்டாள். திரி நின்று எரிந்தது.

"பாவம்" என்றார் அவர், மூக்கைத் துடைத்துக்கொண்டு. "இதப் பெத்தவளுக்குக் கூட அழுக ஆளு இருக்கா ராணி?"

அவள் அவர் நனைந்த கையை எடுத்துத் தன் கைக்குள் வைத்துக்கொண்டாள்.

"இப்ப இருக்குங்க" என்றாள்.